மீசை எடுத்த முகம்

மேலுதட்டில் காற்று பட்டுக்கொண்டே இருந்தது. இத்தனை வருஷமாக அந்த இடத்தில் காற்றுப் பட்டதே இல்லை என்பது தெய்வசிகாமணிக்கு இன்றைக்குத்தான் தெரிந்தது. தாராபுரத்தில் பஸ் கிளம்பியதிலிருந்து விரல் அங்கேயே போய்ப் போய் வந்தது. போகாதே என்றால் கேட்கிற விரலா அது. உதட்டைத் தொட்டுத் தொட்டுப் பார்க்கிறவனை யாராவது திரும்பிப் பார்ப்பார்கள், பார்த்தால் யோசிப்பார்கள், யோசித்தால் போனை எடுப்பார்கள். கையை இறக்கி மடியில் வைத்தான். மடியில் பாப்பு இருந்தாள். இருந்தாள் என்பதுகூட ஒரு பேச்சுக்குத்தான். ஜன்னல் கம்பியை இரண்டு கையாலும் பற்றிக்கொண்டு, முதுகு அவன் நெஞ்சில் பட்டுவிடாதபடி முன்னால் தள்ளி, அவன் முழங்கால் நுனியில் ஒண்டிக்கொண்டு வெளியே பார்த்தபடி வந்தாள். திரும்பினால் அந்த முகத்தைப் பார்க்க வேண்டியிருக்குமே. காலையில் மீசையை எடுத்துவிட்டு அவன் குளியலறையிலிருந்து வெளியே வந்ததும் வீல் என்று கத்தி, கட்டிலுக்கு அடியில் புகுந்துகொண்டவள் அவள். மூன்று வயசுப் பிள்ளைக்கு அப்பன் என்றால் மீசைதான் போலிருக்கிறது. மீசை போனது, அப்பனும் போய்விட்டான். அடையாளம் தெரியக் கூடாது என்றுதான் எடுத்தான். ஊருக்குத் தெரியுமோ தெரியாதோ, பெற்ற பிள்ளைக்குத் தெரியாமல் போய்விட்டது. காரியம் பாதி வெற்றி என்று வைத்துக்கொள்ளலாமா. சிரிப்பு வரவேண்டிய இடம்தான். வரவில்லை.

திருப்பூர் போய்ச் சேர்ந்துவிட்டால் போதும். பெரியாஸ்பத்திரி பிரசவ வார்டில் மனைவி சுகந்தி இருக்கிறாள், பக்கத்தில் போன வாரம் பிறந்த பையன், துணைக்கு இவனுடைய அம்மா. சுகந்திக்குத் தாய் இல்லை. வீட்டில் மிச்சம் இருப்பது இடுப்பெலும்பு முறிந்து கட்டிலோடு கிடக்கிற இவனுடைய அப்பாவும் இவர்கள் இரண்டு பேரும்தான். அம்மாவிடம் போக வேண்டும் என்று அழுது அழுது பாப்புவின் தொண்டை கட்டிவிட்டது. சோற்றை வாயில் வைத்தால் துப்பினாள். நேற்று அந்தக் கட்டிய குரலைப் போனில் கேட்ட சுகந்தி, "மாமா, எப்படியாச்சும் ஒருக்கா கூட்டிட்டு வந்துருங்க. என்னால முடியில மாமா" என்று அழுதாள். எப்படியாச்சும் என்றாள். அதற்குள் என்னவெல்லாம் அடங்கியிருக்கிறது என்று அவளுக்கும் தெரியும், தெரிந்தேதான் சொன்னாள். தன் மகனை அவன் இன்னும் போன் படத்தில்தான் பார்த்திருக்கிறான். வலி எடுத்த அன்றைக்கு ஆஸ்பத்திரிக்குக் கூடப் போகவில்லை, போக முடியவில்லை. பைக்கை எடுக்கலாம் என்றால் ஊரெல்லாம் சுற்றுகிற அந்த வீடியோவில் வண்டி நம்பர் பளிச்சென்று தெரிகிறது. டாக்சி சண்முகவேலுவைக் கூப்பிட்டால் "வண்டி சர்வீசுக்கு உட்டிருக்குதுங்ணா" என்கிறான். வண்டி அவன் வீட்டு வாசலில் கழுவித் துடைத்து நிற்கிறது, இவன் வீட்டு மாடியிலிருந்து பார்த்தாலே தெரியும். அவனைச் சொல்லி என்ன. அவன் வண்டியை நாலு பேர் கல்லால் அடித்தால் நஷ்டத்தை யார் கொடுப்பார்கள். ஆனாலும் சண்முகவேலு, போன வருஷம் உன் வீட்டு வாட்டர் மிஷினை நடுமழையில் வந்து சரிபண்ணிக் கொடுத்தேனே. உன் அம்மா மாத்திரை விழுங்கத் தண்ணீர் வேண்டும் என்றாயே.

வேலையே அதுதான் அவனுக்கு. வீடு வீடாகப் போய்த் தண்ணீர் சுத்தம் செய்கிற மிஷினைக் கழற்றி, வடிகட்டுகிற கேண்டில் மாற்றி, டேங்க் கழுவி, குழாயைத் திறந்து முதல் டம்ளரை வீட்டுக்காரர்கள் கண் முன்னால் அவனே குடித்துக் காட்டுவான். அது யாரும் சொல்லிக் கொடுத்ததில்லை. நம்பிக்கைக்காக அவனாக வைத்துக்கொண்ட பழக்கம். நம்பிக்கை! அந்த வீடியோ எடுத்த அன்றைக்குப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் வேலை முடித்து வந்துகொண்டிருந்தான். நட்ட நடு ரோட்டில் ஒரு பெண் குழந்தை உட்கார்ந்து, கோழி இறகு ஒன்றைத் தார் ரோட்டில் ஒட்டவைக்கப் பார்த்துக்கொண்டிருந்தது. வளைவு வேறு. பைக்கைக் குறுக்கே நிறுத்தினான், குழந்தையின் கையைப் பிடித்து எழுப்பினான், அழைத்துக்கொண்டு போய் வேலிக்கு அந்தப்பக்கம் இருந்த வீட்டில் விட்டான். அவ்வளவுதான். பின்னால் வந்து நின்ற கார்க்காரனுக்கு அவசரமோ, ஆத்திரமோ, இல்லை நல்ல எண்ணமேதானோ, கண்ணாடி வழியே படம் பிடித்திருக்கிறான். குழந்தை கையை உதறுவது இருக்கிறது. இவன் சுற்றுமுற்றும் பார்ப்பது இருக்கிறது. எந்த வீடு என்று பார்த்தான் ஐயா, எந்த வீட்டுப் பிள்ளை என்று தெரிய வேண்டாமா. வீட்டில் கொண்டுபோய் விட்டது அதில் இல்லை. அதற்குள் வழி கிடைத்து கார் போய்விட்டது. கார் போகாமல் இன்னும் நாலு மூச்சு விடுகிற நேரம் அங்கேயே நின்றிருந்தால்? அந்தக் கார்க்காரனுக்கு ஒரு இருமல் வந்திருந்தால்? இந்த இடத்துக்கு வந்ததும் அவன் மனசு ஒவ்வொரு தடவையும் மாட்டிக்கொள்ளும். சிக்கிய இடத்திலேயே நின்று கார்க்காரனை இருமவைக்கும், வண்டியைக் குறுக்கே தள்ளி நிறுத்தும், குழந்தையை இடுப்பில் தூக்கவைக்கும். தூக்கியிருந்தால் இன்னும் மோசமாகியிருக்கும். தூக்காதே. கூப்பிடாதே. தொடாதே. பைக்கை ஒடித்து ஓரமாகப் போய்விடு. போனால் அந்த வளைவில் அடுத்து வருவது லாரி.

"பாப்பாளுக்கு எத்தன வயசுங்?" கண்டக்டர் பக்கத்தில் வந்து நின்றார். வெறும் கேள்வி. டிக்கெட்டுக்காகத் தினமும் நூறு பேரிடம் கேட்கிற கேள்வி. "மூணுங்க... நாலு நடக்குது" என்றான். நாலு நடப்பது உண்மையா. ஆனி மாசம் பிறந்தாள், ஆமாம் நாலு நடக்கிறது. பெற்றவன் இவ்வளவு யோசிப்பானா. யோசித்ததைக் கண்டக்டர் பார்த்தாரா. அவர் டிக்கெட்டைக் கிழித்துக் கையில் திணித்துவிட்டு அடுத்த சீட்டுக்குப் போனார். போகும்போது ஒருமுறை திரும்பினார். மிச்சச் சில்லறைக்காகத் திரும்பியிருக்கலாம். இப்போதெல்லாம் யார் எதற்காகத் திரும்பினாலும் தனக்காகத்தான் என்று படுகிறது. அது ஒரு வியாதி என்று தெரிகிறது. தெரிந்து என்ன செய்ய, வியாதி தெரிந்தவனுக்குக் காய்ச்சல் அடிக்காதா. ஜன்னலுக்கு வெளியே காற்றாலைகள் மெதுவாகச் சுற்றின. முருங்கைத் தோட்டம், சோளக்காடு, மறுபடி முருங்கை. "பாப்பு, அங்க பாரு பெரிய காத்தாடி" என்றான். அவள் தலையை இன்னும் அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டாள். குரல் அப்பன் குரல், முகம் வேறு ஆள் முகம். குழம்பாமல் என்ன செய்யும் அந்தச் சின்னத் தலை.

வீடியோவுக்குக் குரல் கொடுத்தவன் யார் என்பது இன்றுவரை தெரியவில்லை. பதற்றப்படாத, அண்ணன் மாதிரியான குரல். பெற்றோர்களே உஷார், இவன் வடநாட்டுக் கும்பலைச் சேர்ந்தவன், நம் பகுதியில்தான் சுற்றுகிறான், மயக்க சாக்லேட் கொடுத்துப் பிள்ளைகளைக் கொண்டு போகிறான், கூட இரண்டு பெண்கள் இருக்கிறார்கள். சிகாமணிக்குத் தெரிந்த இந்தி எல்லாம் கேஸ் கம்பெனிக்குப் போன் போட்டால் மிஷின் பேசுகிற அந்த நாலு வார்த்தைதான். அதைச் சொல்லித் தப்பிக்கலாம் என்றால், 'நன்றாகத் தமிழ் பேசுவான், நம்ம ஊர்க்காரன் மாதிரியே பேசுவான், ஏமாந்துவிடாதீர்கள்' என்று அந்த அண்ணன் முன்கூட்டியே வாசலை அடைத்துவிட்டான். கெட்டிக்காரன். வாயைத் திறந்தாலும் குற்றம், மூடினாலும் குற்றம். ஸ்டேஷனுக்கு அவனாகத்தான் போனான். சப்-இன்ஸ்பெக்டர் நல்ல மனிதர், டீ வாங்கிக் கொடுத்தார், அந்தக் குழந்தையின் அம்மாவையே கூப்பிட்டு விசாரித்தார், "நாங்க மறுப்புப் போட்டர்றம், நீங்க தைரியமாப் போங்க" என்றார். போட்டார்கள். அதன் கீழே வரிசையாகக் கருத்துச் சொல்லியிருந்தார்கள், போலீசுக்கு எவ்வளவு கைமாறியது என்று. வீடியோ ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தது, மறுப்பு போட்ட இடத்திலேயே உட்கார்ந்திருந்தது. இதையெல்லாம்கூடத் தாங்கிக்கொண்டான். அந்தக் குழந்தையின் அம்மா சொன்னதுதான் தாங்கவில்லை. கொண்டுவந்து விட்ட அன்றைக்கு, "நல்லா இருப்பீங்க சாமி" என்று மோர் கொடுத்தவள். அவள் ஸ்டேஷனில் தலையைக் குனிந்துகொண்டு, "கொண்டாந்து உட்டது இவருதானுங்க. ஆனா எதுக்கு வந்தாரோ என்னமோ, மனசுக்குள்ள இருக்கறது எனக்கெப்படீங்க தெரியும்" என்றாள். கண்ணால் பார்த்ததைவிடப் போனில் பார்த்தது பெரிதாகிவிட்டது அவளுக்கு. மோரில் கொத்தமல்லி போட்டிருந்தாள். அந்த வாசனை இன்னும் மூக்கில் இருக்கிறது. அதைக் கொடுத்த கை உண்மையா, ஸ்டேஷனில் முந்தானையைத் திருகிய கை உண்மையா.

சுகந்தியும் கேட்டாள். கேட்டாளே. ஆஸ்பத்திரிக்குக் கிளம்புகிற அன்றைக்கு, வலியோடு சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றவள், "எதுக்கு மாமா அந்தப் புள்ளையத் தொட்டீங்க?" என்றாள். குற்றம் சாட்டவில்லை, ஆதங்கம்தான், எதற்கு உங்களுக்கு இந்த வேலை என்கிற அர்த்தம்தான். அது அவனுக்குத் தெரியும். ஆனால் 'தொட்டீங்க' என்றாள். கூட்டிட்டுப் போனீங்க என்று சொல்லவில்லை, தொட்டீங்க என்றாள். பிறகு அவள் காரில் ஏறிப் போய்விட்டாள், அந்த வார்த்தை வீட்டிலேயே தங்கிவிட்டது. அதை வைத்துக்கொண்டு அவன் அந்த வீடியோவைத் திரும்பத் திரும்பப் பார்த்தான். எத்தனை தடவை என்று கேட்டால் வெட்கம். முதலில் அதில் தன்னைப் பார்த்தான். அப்புறம் தடித்த மீசை வைத்த ஒருவனைப் பார்த்தான். நீலப் பை தோளில் தொங்க, கழுத்தைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறான், குழந்தையின் கையை இழுக்கிறான். பார்க்கப் பார்க்க அவன் மேல் சிகாமணிக்கே சந்தேகம் வந்தது. கண்ணைப் பார், நிலையாக நிற்கிறதா. நல்லவன் எதற்கு அப்படித் திரும்பிப் பார்க்கிறான். அந்த மீசையே சரியில்லை. ஒருநாள் விடிகாலையில், தான் நிஜமாகவே எதற்காக அந்தக் குழந்தையின் கையைப் பிடித்தோம் என்று கட்டிலில் உட்கார்ந்து யோசித்துக்கொண்டிருந்தான். அன்றைக்குப் பயந்த மாதிரி அவன் என்றைக்கும் பயந்ததில்லை. ஊர் நம்பாதது ஊரோடு போகட்டும், தன்னையே தனக்கு நம்ப முடியாமல் போனால் மனுஷன் எங்கே போய் உட்காருவான்.

"ஆருங்க தவறிட்டாங்க?" பக்கத்துச் சீட்டுப் பெரியவர் கேட்டார். வெள்ளை வேட்டி, மடியில் மஞ்சள் பை, பைக்குள் கத்தரி நாற்று. அவர் கண் சிகாமணியின் மேலுதட்டில் இருந்தது. தலையில் முடியும் ஒட்ட வெட்டியிருந்தான். இந்தப் பக்கத்தில் ஒருவன் சட்டென்று மீசையை எடுத்தால் வீட்டில் சாவு என்று அர்த்தம், அப்பனுக்கோ ஆத்தாளுக்கோ காரியம் செய்தவன் என்று அர்த்தம். இது காலையில் பிளேடை எடுத்தபோது அவனுக்குத் தோன்றவே இல்லை. வெளியே வந்ததும் கட்டிலிலிருந்து அப்பா பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார். "நான் இன்னும் சாவுலியேடா" என்றார். அப்புறம் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். இப்போது இவர் கேட்கிறார். வேண்டுதல் என்று சொல்லியிருக்கலாம். பழனிக்கு முடி கொடுத்தேன் என்று சொல்லியிருக்கலாம், தலையில் முடி இருக்கிறதே, அது முடியாது. புண் என்று சொல்லியிருக்கலாம். நூறு பதில் இருந்தது. வாயில் வந்தது, "அப்பாங்க." உயிரோடு இருக்கிற அப்பனைக் கொன்றுவிட்டான், பஸ் டிக்கெட் பாக்கெட்டில் போட்ட கை இன்னும் வெளியே வரவில்லை, அதற்குள் கொன்றுவிட்டான். "அடடா" என்றார் பெரியவர். "வயசுங்களா, ஒடம்பு சரியில்லீங்களா?" "வயசுதானுங்க." "போகட்டும் போங்க, கெடந்து சீரழியாமப் போனா அதுவே பாக்கியம்" என்று அவன் தொடையில் தட்டினார். அந்தத் தட்டலில் அவனுக்கு அழுகை வந்துவிட்டது. ஊரில் ஒருத்தர் அவனைத் தொட்டு ஆறுதல் சொல்லி எத்தனை நாளாகிறது. பொய்க்குக் கிடைத்த ஆறுதல்தான். கிடைத்தவரைக்கும் வாங்கிக்கொண்டான்.

பையில் சாக்லேட் இருந்தது. அதுதான் இன்னொரு பயம். பாப்பு அவனை அப்பா என்று கூப்பிட மாட்டாள். பேச ஆரம்பித்த நாளிலிருந்தே மாமாதான். சுகந்தி அவனை மாமா என்கிறாள், விடுமுறைக்கு வருகிற அக்காள் பிள்ளைகள் மாமா என்கிறார்கள், அவளும் பிடித்துக்கொண்டாள். அவள் மழலையில் மாமா என்று கூப்பிட்டபடி ஓடிவந்து காலைக் கட்டிக்கொள்வதைப் பார்த்து வீடே சிரிக்கும். "வளந்தா தானா மாறும் உடுங்க" என்பாள் சுகந்தி. எத்தனையோ வீட்டில் நடக்கிறதுதானே. அந்தச் செல்லமெல்லாம் இப்படிக் கழுத்துக்கு வரும் என்று யார் கண்டார்கள். காலையில் கட்டிலுக்கு அடியிலிருந்து அவளைக் கெஞ்சி வெளியே எடுத்து, முகத்தைக் கழுவி, கவுன் மாட்டி, பஸ் ஸ்டாண்டு வருகிறவரைக்கும் ஒரே பாடம் நடத்தினான். பாப்பு, நான் ஆரு? மாமா. மாமா இல்ல சாமி, அப்பா. ஆராச்சும் கேட்டா அப்பான்னு சொல்லோணும். அப்பான்னு சொன்னா சாக்லேட் வாங்கித் தருவன். பஸ் ஸ்டாண்டுக் கடையில் அவள் கண் முன்னாலேயே வாங்கிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான். சொன்னால்தான். பஸ்ஸில் ஏறி உட்கார்ந்த பிறகுதான் அந்தக் குரல் ஞாபகம் வந்தது, மயக்க சாக்லேட். கடையில் வாங்கியது, தாளில் சுற்றியது, இருந்தாலும் சாக்லேட் சாக்லேட்தான். ஜன்னல் வழியே எறிந்துவிடலாமா. எறிகிறதை யாராவது பார்த்தால்? எறியவில்லை என்றால் யாராவது சோதித்தால்? நெஞ்சுக்கு நேரே, பையில், உடம்புச் சூட்டில் அது இளகிக்கொண்டிருந்தது. பிள்ளைக்கு மிட்டாய் வாங்கித் தரப் பயப்படுகிற அப்பன்! நினைக்க நினைக்க ஆத்திரமாக வந்தது. யார் மேல் என்றுதான் தெரியவில்லை. முகம் தெரிந்தால் சட்டையைப் பிடிக்கலாம். யாருடைய சட்டையைப் பிடிப்பது.

கொடுவாய் ஸ்டாப்பில் ஒரு அம்மாள் ஏறி முன் சீட்டுக்கு வந்தாள். தலை நிறையப் பூ, கையில் பிஸ்கட் பொட்டலம், இன்னொரு கையில் போன். உட்கார்ந்ததும் போனை ஓடவிட்டாள். கோலம் போடுகிற வீடியோ, அப்புறம் யாரோ கீழே விழுந்து எல்லோரும் சிரிக்கிற வீடியோ, அப்புறம் வெங்காயச் சட்னி. அப்புறம் வந்தது. பெற்றோர்களே உஷார். சிகாமணிக்குக் காது அடைத்தது. அடைத்த காதிலும் அந்தக் குரல் தெளிவாக விழுந்தது, ஒரு எழுத்துக்கூடத் தவறாமல் அவனுக்கு மனப்பாடம். நீலப் பை, தடித்த மீசை, நன்றாகத் தமிழ் பேசுவான். குனிந்து செருப்பைச் சரிபண்ணினான். செருப்பு சரியாகத்தான் இருந்தது. "இந்தக் கருமாந்தரத்தப் பாத்தீங்களா" என்று அந்த அம்மாள் பெரியவர் பக்கம் திரும்பிப் போனை நீட்டினாள். "எங்க பக்கத்து ஊர்லயே ஒரு புள்ளையக் காணமாமுங்க." "பாத்தனுங்க, பாத்தனுங்க" என்றார் பெரியவர். "இவனயெல்லாம் நிக்க வெச்சு..." என்று ஆரம்பித்தவர், பக்கத்தில் துக்கத்திலிருக்கிற ஆள் உட்கார்ந்திருக்கிறானே என்று மரியாதைக்காக நிறுத்திக்கொண்டார். அந்த மரியாதை சிகாமணியின் முதுகில் வேர்வையாக இறங்கியது. அந்த அம்மாளின் பார்வை போனிலிருந்து பாப்புவுக்கு வந்தது. இரக்கம் வந்துவிட்டது அவளுக்கு, நல்ல மனசு, பிள்ளை பெற்ற மனசு. "ஏன் கண்ணு மொகம் இப்படி வாடிக் கெடக்குது, பிஸ்கோத்துத் திங்கறியா?" பாப்பு கம்பியை விட்டாள். இவ்வளவு நேரம் பேசாத வாய், கட்டிப்போன தொண்டையோடு பேசியது. "தாத்தா காத்தால முறுக்குக் குடுத்தாரு. நானு திங்கல." "எந்தத் தாத்தா கண்ணு?" "தாத்தா. கட்டல்ல படுத்திருக்கற தாத்தா."

பெரியவர் அவன் தொடையில் வைத்திருந்த கையை எடுத்துக்கொண்டார். மஞ்சள் பையை ஒரு தொடையிலிருந்து இன்னொரு தொடைக்கு மாற்றினார், அவ்வளவுதான். சொல்லிவிடலாம், இது அம்மாவைப் பெற்ற தாத்தா என்று. இன்னொரு பொய். அதையும் பாப்பு உடைத்துவிடுவாள், அவளுக்கென்ன, இருக்கிறதைச் சொல்கிறாள். உண்மையைச் சொல்லிவிட்டால் என்ன? ஐயா, என் அப்பா உயிரோடு இருக்கிறார், நான்தான் மீசையை எடுத்தேன், ஏன் எடுத்தேன் என்றால்... ஏன் எடுத்தாய்? போனில் படம் இருக்கிறது, பாப்பு அவன் தோளில் உட்கார்ந்து காதைப் பிடித்துக்கொண்டிருக்கிற படம், பிறந்த நாளுக்குக் கேக் ஊட்டுகிற படம், நூறு இருக்கும். காட்டலாம். காட்டினால் அதில் இருப்பது மீசை வைத்த முகம். அந்த அம்மாள் கையிலிருக்கிற வீடியோவில் இருப்பதும் அதே முகம். ஆதார் அட்டையிலும் அதேதான். நான்தான் அப்பன் என்று நிரூபிக்க ஒரே வழி, நான்தான் அவன் என்று ஒப்புக்கொள்வது. சுகந்திக்குப் போன் போட்டுப் பேசச் சொன்னால், இரண்டு பெண்கள் கூட இருக்கிறார்கள் என்று அந்த அண்ணன் ஏற்கனவே சொல்லி வைத்துவிட்டான், சுகந்தி ஒருத்தி, அம்மா ஒருத்தி, கணக்கு சரியாகத்தான் இருக்கிறது. இறங்கிவிடலாமா. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு நடுவழியில் இறங்கி ஓடுகிறவனை என்னவென்று நினைப்பார்கள். உட்கார்ந்திரு. அவிநாசிபாளையம் தாண்டிவிட்டால் கூட்டம் ஏறும், கூட்டத்தில் கலந்துவிடலாம், அப்புறம் திருப்பூர், அப்புறம் ஆஸ்பத்திரி வாசல், அப்புறம் சுகந்தி, சுகந்தியின் கை. கடவுளே, அந்தக் கை வரைக்கும் கொண்டுபோய் விட்டுவிடு. அப்புறம் என்னை என்ன வேண்டுமானாலும் செய்துகொள்.

"தப்பா நெனைக்காதீங்க" என்றார் பெரியவர். ரொம்ப மரியாதையாகத்தான் சொன்னார். இந்த ஊர் மரியாதை. அடிக்கிற கையைக்கூட ஒரு 'ங்க' போட்டுத்தான் ஓங்குவார்கள். "காலம் அப்பிடி இருக்குதுங்க. பாப்பா உங்குளுக்கு என்ன வேணுமுங்க?" "என்ற புள்ளைங்க." "உங்க புள்ளைங்களா." அந்த அம்மாள் போனையும் சிகாமணியையும் மாற்றி மாற்றிப் பார்த்தாள். கட்டைவிரலை வைத்துத் திரையில் அந்த மனுஷனின் மீசையை மறைத்துப் பார்த்தாள். சிகாமணி அதைப் பார்த்தான். கண்டக்டர் பின்னாலிருந்து முன்னால் வந்தார். யார் கூப்பிட்டது என்று தெரியவில்லை. எதிர்ச்சீட்டில் தூங்கிக்கொண்டிருந்தவர்கள் விழித்துவிட்டார்கள். இதெல்லாம் எவ்வளவு சத்தமில்லாமல் நடக்கிறது. "கொழந்தையவே கேட்டா ஆச்சு" என்றாள் அந்த அம்மாள். குனிந்து, குரலைத் தேனாக்கிக்கொண்டு, "கண்ணு, இங்க பாரு சாமி. இது ஆரு?" என்று சிகாமணியைக் காட்டினாள்.

பாப்பு எல்லோரையும் பார்த்தாள். இத்தனை முகங்கள் தன்னைப் பார்ப்பது அவளுக்குப் பயமாக இருந்தது. அழப்போகிறாள் என்றுதான் அவன் நினைத்தான். அழுதால் முடிந்தது. அவளுடைய உதடு பிதுங்கியது. பிதுங்கிய உதடு பாதியில் நின்றது. ஏதோ ஞாபகம் வந்துவிட்டது அந்தச் சின்ன முகத்தில். பாடம் ஞாபகம் வந்துவிட்டது. கட்டிய தொண்டையைச் செருமிக்கொண்டு, கிண்டர்கார்டனில் பாட்டுச் சொல்கிற மாதிரி நிமிர்ந்து, "அப்பா" என்றாள். பஸ் முழுக்கக் கேட்டது. தெய்வசிகாமணி அந்த வார்த்தையைத் தன் பிள்ளை வாயிலிருந்து முதன்முதலாகக் கேட்டான். உள்ளே என்னமோ ஒன்று அவிழ்ந்து விழுந்தது. கண்ணை மூடிக்கொண்டான். "அப்பாவா சாமி, அட அப்பாவா" என்று அந்த அம்மாள் நெஞ்சில் கை வைத்துக்கொள்வது கேட்டது. "காலம் அப்பிடீங்க, மனசுல வெச்சுக்காதீங்க" என்று பெரியவர் சொல்வது கேட்டது. கண்டக்டர் யாரிடமோ, போய் உட்காருங்க என்றார். பிழைத்தோம். பிழைத்துவிட்டோம் சுகந்தி, வந்துவிடுவோம்.

அவன் மடியில் பாப்பு திரும்பினாள். காலையிலிருந்து முதல் தடவையாக, மீசை இல்லாத அந்த முகத்தை நேருக்கு நேர் பார்த்தாள். கையை விரித்து நீட்டினாள்.

"அப்பான்னு சொல்லிட்டனில்ல மாமா," என்றாள். "சாக்லேட்டுக் குடு."

கண்டக்டர் விசில் ஊதினார். பஸ் வேகம் குறைந்து ஓரம் கட்டத் தொடங்கியது. வண்டி நிற்பதற்குள் முன் சீட்டிலிருந்து ஒரு போன் உயர்ந்தது, பக்கத்தில் இன்னொன்று, பின்னால் இன்னொன்று. ஏதாவது சொல்ல வேண்டும் என்று சிகாமணிக்குத் தெரிந்தது. எதைச் சொன்னாலும் அதுவும் அடுத்த வீடியோவில் சேர்ந்துகொள்ளும் என்பதும் தெரிந்தது. உயர்ந்த போன்களில் ஒன்றின் திரையில் அவன் தன்னைப் பார்த்தான், மீசை இல்லாத ஒருவன், கண் நிலைகொள்ளாத ஒருவன், மடியில் ஒரு குழந்தை. அவனைச் சிகாமணியும் நம்பியிருக்க மாட்டான். அந்தச் சின்னக் கை நீட்டியபடியே இருந்தது. சொன்னால் தருகிறேன் என்றுதானே சொன்னான், சொல்லிவிட்டாளே. சட்டைப் பையைத் துழாவி, இளகிப்போன சாக்லேட்டை எடுத்து, தாளைப் பிரித்து, அத்தனை பேர் பார்க்கப் பிள்ளையின் கையில் கொடுத்தான்.

பாப்பு வாயில் போட்டுக்கொண்டாள். பஸ் நின்றது. யாரோ அவன் சட்டைக் காலரைப் பின்னாலிருந்து பிடித்தார்கள். அவள் அதையெல்லாம் கவனிக்காமல், காலையிலிருந்து விறைத்து வைத்திருந்த முதுகைத் தளர்த்தி, அவன் நெஞ்சில் சாய்ந்துகொண்டாள்.